விவித பாரதி பிறந்த வரலாறு

கண்ணுக்கு இமை உண்டு, காதுக்கு இல்லை. வேண்டாத காட்சியைக் கண்மூடித் தவிர்க்கலாம். வேண்டாத ஓசையை அவ்வாறு தவிர்த்தல் எளிதன்று. வானொலிப் பெட்டி வந்த பின் இக்குறை ஓரளவு நீங்கிற்று. பெட்டியின் திருகு, நேயரின் காதுக்கு இமையாக அமைந்தது. பேசுவோர் எத்துணைப் பெரியவராயினும், பாடுவோர் எத்துணை வல்லவராயினும், திருகைச் சற்றே அசைத்த அளவில் அவர் குரல் மறைந்துவிடும். சுதந்திர இந்தியாவில் அரசாங்கம் ஒன்று நினைக்க, நேயர்கள் தங்கள் திருகை வேறு பக்கம் திருப்பிய காலம் ஒன்று இருந்தது. அதன் பயனாகத் தோன்றியதே விவித பாரதி என்னும் இசை ஒலிபரப்பு. பின்னாளில் அதுவே விளம்பரங்களை ஏற்று, நகரந்தோறும் வர்த்தக ஒலிபரப்பாக வளர்ந்தது. அவ்வரலாற்றை இங்குச் சுருக்கமாகக் காண்போம்.

வானொலிக்கு யார் பணம் கொடுப்பது என்ற கேள்வி, நம் நாட்டில் ஒலிபரப்புத் தோன்றிய நாளிலேயே எழுந்தது. 1924ஆம் ஆண்டில் சி. வி. கிருஷ்ணசாமி செட்டியார் முதலிய ஆர்வலர்கள் சென்னையில் வானொலிக் கழகம் ஒன்றைத் தொடங்கி ஒலிபரப்பு நடத்தினர். ஆர்வத்துக்குக் குறைவில்லை, பணத்துக்குத்தான் குறைவு. 1927இல் அம்முயற்சி நின்றது. அவர்களுடைய ஒலிபரப்புக் கருவியைப் பெற்றுச் சென்னைக் கார்ப்பொரேஷன் 1930 முதல் ஒலிபரப்பை நடத்தி வந்தது. பம்பாயில் 1927 ஜூலை 23ஆம் நாள் இந்தியன் பிராட்காஸ்டிங் கம்பெனி என்ற தனியார் நிறுவனம் தன் நிலையத்தைத் திறந்தது. அடுத்த மாதம் கல்கத்தாவிலும் ஒரு நிலையம் எழுந்தது. வானொலிப் பெட்டி வைத்திருப்போர் ஆண்டுக்குப் பத்து ரூபாய் உரிமக் கட்டணம் செலுத்த வேண்டும். அதில் ஒரு பங்கு கம்பெனியைச் சேரும் என்பது ஏற்பாடு. ஆனால் உரிமம் பெற்றோர் தொகை எட்டாயிரத்தைக்கூட எட்டவில்லை. 1930இல் கம்பெனி கலைந்தது. நிலையங்கள் அரசாங்கத்தின் கைக்கு வந்தன. 1936இல் அந்த அமைப்பே அகில இந்திய வானொலி என்னும் பெயர் பெற்றது. அன்று தொட்டு உரிமக் கட்டணமும் அரசாங்க நிதியுமே வானொலியைத் தாங்கின. விளம்பரத்துக்கு அங்கே இடமில்லை.

1947இல் நாடு விடுதலை அடைந்தபோது இந்தியாவின் பங்குக்கு வந்த நிலையங்கள் ஆறு: டில்லி, பம்பாய், கல்கத்தா, சென்னை, லக்னோ, திருச்சிராப்பள்ளி. அதே வேளையில் இசையுலகிலும் ஒரு பெரும் மாறுதல் நிகழ்ந்தது. சங்கீத வித்துவான்களைப் பரம்பரையாகப் போற்றி வந்த சுதேச சமஸ்தானங்கள் இந்தியாவுடன் இணைந்தன; அரசவைகள் மறைந்தன. இனிக் கலைஞர்களைக் காப்பவர் யார் என்ற நிலையில், அகில இந்திய வானொலியே புதிய புரவலராயிற்று. 1952இல் செய்தி ஒலிபரப்பு அமைச்சராகப் பொறுப்பேற்ற டாக்டர் பி. வி. கேஸ்கர் இதனை நன்குணர்ந்தவர். தாமே சங்கீதப் பயிற்சி உடையவர். பத்தாண்டுக் காலம் அப்பதவியில் இருந்த அவர், வானொலியைச் சாஸ்திரீய சங்கீதத்தின் நிலைக்களனாக ஆக்க விரும்பினார். சங்கீத தேசிய நிகழ்ச்சி 1952இல் தொடங்கிற்று. ரவிசங்கர் முதலியோரைக் கொண்டு வாத்திய விருந்தம் அமைந்தது. கலைஞர்களைத் தேர்ந்து தரம் பிரிக்கும் முறையும் ஏற்பட்டது.

இவையெல்லாம் ஆக்கப் பணிகள். இவற்றோடு மற்றொரு முடிவும் சேர்ந்தது. மேனாட்டு மெட்டுகளைக் கலந்த சினிமாப் பாட்டு மக்களின் சுவையைக் கெடுக்கிறது என்பது கேஸ்கரின் கருத்து. எனவே ஒலிபரப்பில் சினிமாப் பாட்டுக்குரிய நேரத்தைப் பத்தில் ஒரு பங்காகக் குறைக்க முடிவாயிற்று. பாடகர் பெயரைச் சொல்லலாம். படத்தின் பெயரைச் சொன்னால் அது விளம்பரமாகிவிடும் என்று அதனையும் விலக்கினர். படத் தயாரிப்பாளர்கள் இதனை ஏற்கவில்லை. தங்கள் பாட்டுகளை ஒலிபரப்ப வானொலிக்கு அளித்திருந்த அனுமதியைத் திரும்பப் பெற்றுக்கொண்டனர். பத்தில் ஒரு பங்காகக் குறைக்க நினைத்த சினிமாப் பாட்டு, சில மாதங்களில் அகில இந்திய வானொலியிலிருந்து ஏறத்தாழ முற்றிலும் மறைந்தது. அதன் இடத்தை நிரப்ப, வானொலியே கவிஞர்களையும் இசையமைப்பாளர்களையும் கொண்டு மெல்லிசைப் பாட்டுகளை உண்டாக்கத் தொடங்கியது. அவற்றுள் நல்ல பாட்டுகள் பல உண்டு. ஆயினும் நேயர் கேட்டது ஒன்று, வானொலி தந்தது மற்றொன்று.

அப்போது தெற்கே கடல் கடந்து ஒரு குரல் எழுந்தது. இரண்டாம் உலகப் போரின்போது, மவுண்ட்பேட்டனின் தென்கிழக்காசியப் படைத்தலைமை தன் வீரர்களுக்கென இலங்கையில் வலிமை மிக்க சிற்றலை ஒலிபரப்புக் கருவியை நிறுவியிருந்தது. போர் முடிந்தபின் அது இலங்கை அரசாங்கத்தைச் சேர்ந்தது. சிற்றலையின் இயல்பு வியப்புக்குரியது. மத்திய அலை பகலில் பெரும்பாலும் நிலத்தை ஒட்டிச் சென்று சில நூறு மைல்களுக்குள் ஓய்ந்துவிடும். சிற்றலையோ வானில் உயர எழுந்து, மேல் வளிமண்டலத்தில் உள்ள மின்னணுப் படலத்தில் பட்டுத் திரும்பித் தொலைவிலுள்ள நிலத்தை அடையும். ஆகவே கொழும்புக்கு அருகில் புறப்பட்ட பாட்டு இமயத்தின் அடிவாரம் வரையில் தெளிவாகக் கேட்டது. இந்த வசதியைக் கொண்டு ரேடியோ சிலோன் 1950இல் தன் வர்த்தக ஒலிபரப்பைத் தொடங்கிற்று. கொழும்புத் திட்டத்தின்கீழ் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த கிளிஃபர்ட் டாட் என்பவர் அதன் இயக்குநராக அமைந்தார். அகில இந்திய வானொலி விளம்பரத்தை ஏற்பதில்லை. ரேடியோ சிலோன் ஏற்றது. அகில இந்திய வானொலி சினிமாப் பாட்டைக் குறைத்தது. ரேடியோ சிலோன் பெருக்கியது. இந்திய வியாபாரிகளின் விளம்பரப் பணம் கொழும்புக்குச் சென்றது. இந்திய நேயர்களின் காதுகளும் அதனைப் பின்தொடர்ந்தன.

அந்நாளைய நிகழ்ச்சிகளுள் தலைசிறந்தது பினாக்கா கீத்மாலா. பினாக்கா என்பது ஒரு பற்பசையின் பெயர். அதன் விளம்பரத்துக்காக 1952 டிசம்பரில் தொடங்கிய இந்த அரைமணி நேர இந்திப் பாட்டு நிகழ்ச்சி, புதன்கிழமைதோறும் இரவில் ஒலித்தது. அறிவிப்பாளர் அமீன் சயானி, அப்போது இருபது வயது இளைஞர். நிகழ்ச்சி பம்பாயில் பதிவாகும். ஒலிப்பதிவு நாடா விமானத்தில் கொழும்பு செல்லும். அங்கிருந்து சிற்றலையில் ஏறி மீண்டும் இந்தியாவுக்கே வரும். இந்தியாவில் இயற்றி, இந்தியாவில் பாடி, இந்தியாவில் பதிவு செய்த பாட்டை இந்தியர் கேட்பதற்கு, அது கடல் கடந்து சென்று திரும்ப வேண்டியிருந்தது! இசைத்தட்டு விற்பனையையும் நேயர் மன்றங்களின் கருத்தையும் கொண்டு பாட்டுகளை வரிசைப்படுத்தும் முறையும் பின்னர் அதில் ஏற்பட்டது. இந்த வாரம் முதலிடம் எந்தப் பாட்டுக்கு என்று அறியத் தெருவோரத் தேநீர்க் கடைகளில் கூட்டம் கூடியது. பத்து வீடுகளில் ஒன்பது வீட்டுப் பெட்டிகள் கொழும்பை நோக்கித் திரும்பியிருக்கின்றன, பத்தாவது வீட்டுப் பெட்டி பழுதாகிக் கிடக்கிறது என்று அக்காலத்தில் ஒரு வேடிக்கைப் பேச்சு வழங்கியது.

இந்த வெற்றிக்குச் சினிமாப் பாட்டு மட்டுமே காரணம் என்று கூறிவிட முடியாது. மொழியும் ஒரு காரணம். அமீன் சயானியின் அன்னையார் குல்சூம் சயானி, காந்தியடிகளின் விருப்பத்துக்கிணங்க, புதிதாக எழுத்தறிவு பெற்றோருக்கென ரஹ்பர் என்ற இதழை நடத்தியவர். எளிய இந்துஸ்தானி நடையில், தேவநாகரி, உருது, குஜராத்தி ஆகிய மூன்று எழுத்துகளிலும் அது வெளிவந்தது. அவ்விதழ்ப் பணியில் அன்னைக்குத் துணை நின்ற மகன், பாமரருக்கும் விளங்கும் பேச்சை அங்கேதான் கற்றார். அதே ஆண்டுகளில் அகில இந்திய வானொலியின் இந்திச் செய்திகள் வடசொற்கள் மிகுந்து, கேட்போருக்கு விளங்காதனவாக இருக்கின்றன என்ற குறை நாடெங்கும் எழுந்தது. அரசாங்க ஆவணங்களை மொழிபெயர்ப்பதையே தொழிலாகக் கொண்ட எனக்கு, இந்தப் பகுதி ஒரு பாடமாகவே தோன்றுகிறது. பிழையற்ற சொல்லைத் தேர்ந்துவிட்டோம் என்று நாம் மன நிறைவு கொள்ளும் வேளையில், கேட்பவர் திருகைத் திருப்பியிருக்கக் கூடும்.

நேயர்களும் வெறுமனே கேட்டுக்கொண்டிருக்கவில்லை. விரும்பிய பாட்டைக் கேட்டு அஞ்சலட்டைகள் எழுதினர். இன்று ஜார்க்கண்ட் மாநிலத்தில் உள்ள ஜும்ரி திலையா என்ற சிற்றூர் இதில் பெரும் புகழ் பெற்றது. தாமோதர் பள்ளத்தாக்குத் திட்டத்தின் திலையா அணையை நம்மவர் பூகோளப் பாடத்தில் படித்திருப்பர். அதன் அருகில் உள்ள ஊர் இது. அப்பகுதி காக்காய்ப்பொன் எனப்படும் அப்பிரகச் சுரங்கங்களுக்குப் பேர்போனது. அந்த ஊரிலிருந்து வந்து குவிந்த அஞ்சலட்டைகளுக்கு அளவில்லை. பாட்டுக்கு முன் அதனை விரும்பிக் கேட்டோரின் பெயரையும் ஊரையும் அறிவிப்பாளர் படிப்பார். ஜும்ரி திலையா என்ற பெயர் அடிக்கடி வந்தமையால், அப்படி ஓர் ஊர் உண்மையில் உண்டா, அன்றி அறிவிப்பாளரின் கற்பனையா என்றுகூடச் சிலர் ஐயுற்றனர். தலைநகரின் ஓசைகளுக்கிடையே தம் ஊரின் பெயர் ஒருமுறை ஒலிக்க வேண்டும் என்பது அம்மக்களின் ஆசை. ஓர் அஞ்சலட்டைச் செலவில் ஒரு குடிமகன் நாடு முழுதும் அறியத் தன் பெயரை ஒலிக்கச் செய்தான் என்றால், அதனைச் சிறுபிள்ளை விளையாட்டு என்று தள்ளிவிடுவதற்கில்லை.

தமிழ்நாட்டு நேயர்களுக்கும் இதில் பங்கு உண்டு. இலங்கை வானொலியின் தமிழ்ச் சேவை, தமிழகத்தின் ஊர்கள் பலவற்றில் காலைப்பொழுதின் குரலாகவே விளங்கியது. எஸ். பி. மயில்வாகனம் போன்ற அறிவிப்பாளர்களின் பெயர்களும், பொங்கும் பூம்புனல் போன்ற நிகழ்ச்சிகளின் பெயர்களும் அத்தலைமுறையினர் நாவில் இன்றும் நிற்கின்றன.

ஐந்தாண்டுகள் கழிந்தன. நேயரைத் திருத்த முயன்றதில் நேயரையே இழந்து வருகிறோம் என்பதை அகில இந்திய வானொலி உணர்ந்தது. 1957 அக்டோபர் 3ஆம் நாள் விவித பாரதி உதயமாயிற்று. கவிஞர் நரேந்திர சர்மா அதனை உருவாக்கும் பொறுப்பை ஏற்றார். விவித என்றால் பலவகைப்பட்ட என்பது பொருள். பல்சுவை ஒலிபரப்பு என்று தமிழில் கூறலாம். பம்பாயிலும் சென்னையிலும் இருந்த ஆற்றல் மிக்க சிற்றலைக் கருவிகள் அதனை நாடெங்கும் பரப்பின. சிற்றலைக்குச் சிற்றலையே மறுமொழியாயிற்று. விலக்கப்பட்டிருந்த சினிமாப் பாட்டு இப்போது பெரும்பகுதி நேரத்தைப் பெற்றது. ஆயினும் தொடக்க நாளன்று முதலில் ஒலித்த பாட்டு சினிமாப் பாட்டு அன்று. மயிலை ஆடச் சொல்லும் அப்பாட்டை நரேந்திர சர்மாவே இயற்றினார். அனில் விஸ்வாஸ் இசையமைத்தார். மன்னா டே பாடினார். மூவரும் திரையுலகத்தோடு தொடர்புடையவர்கள்; பாட்டோ வானொலிக்கென்றே பிறந்தது. இரு தரப்புக்கும் இடையே ஏற்பட்ட சமாதானத்துக்கு இதனினும் பொருத்தமான அடையாளம் வேண்டுவதில்லை. போர்வீரர்களுக்கான ஜெய்மாலா, சிறு நாடகங்களுக்கான ஹவா மஹால் முதலிய நிகழ்ச்சிகளும் அதில் நிலைத்த இடம் பெற்றன.

எனினும் பணத்தைப் பற்றிய பழைய கேள்வி எஞ்சியே நின்றது. ஒலிபரப்பின் நிலையை ஆராய அசோக் சந்தாவின் தலைமையில் அரசாங்கம் 1964இல் ஒரு குழுவை அமைத்தது. 1966இல் அறிக்கை வந்தது. வானொலியை அரசாங்கத் துறையாக வைத்திராமல் தன்னாட்சி பெற்ற கழகமாக ஆக்க வேண்டும் என்பது அதன் முக்கியமான பரிந்துரை. விவித பாரதியில் விளம்பரங்களை ஏற்கலாம் என்பதும் அதன் கருத்து. இரண்டனுள் எளிதானதே முதலில் நிறைவேறியது. 1967 நவம்பர் 1ஆம் நாள் பம்பாய், பூனா, நாகபுரி ஆகிய மூன்று நகரங்களில் விவித பாரதியின் வர்த்தக ஒலிபரப்புத் தொடங்கிற்று. தன்னாட்சிக்கான பிரசார் பாரதிச் சட்டம் 1990இல்தான் இயற்றப்பட்டது. அது நடைமுறைக்கு வந்ததோ 1997இல். விளம்பரத்துக்கு ஓராண்டும், தன்னாட்சிக்கு முப்பதாண்டும் தேவைப்பட்டன என்பது சிந்திக்கத்தக்கது.

வர்த்தக ஒலிபரப்பின் அமைப்பு சிக்கனமானது. நிகழ்ச்சிகள் பம்பாயில் தயாராகும். அவற்றின் நாடாப் பிரதிகள் மற்ற நகரங்களுக்குச் செல்லும். அந்தந்த நகரில் உள்ள மத்திய அலைக் கருவி அவற்றை ஒலிபரப்பும். உள்ளூர் விளம்பரங்களும் அந்த வட்டாரத்து மொழி நிகழ்ச்சிகளும் அங்கே சேர்க்கப்படும். இவ்வாறு நாடு முழுதுக்கும் பொதுவான ஒலிபரப்பு, ஒவ்வொரு நகரிலும் உள்ளூர் ஒலிபரப்பாகவும் ஆயிற்று. மது, சிகரெட் ஆகியவற்றின் விளம்பரங்களுக்கு அனுமதி இல்லை. 1968இல் கல்கத்தா, 1969இல் டில்லி, சென்னை, திருச்சிராப்பள்ளி என்று இந்த ஒலிபரப்பு விரிந்தது. டிரான்சிஸ்டர் பெட்டிகள் பரவிய காலமும் அதுவே. நாவிதர் கடையிலும் தையற்கடையிலும் வயல் வரப்பிலும் பாட்டுக் கேட்டது. பற்பசை, சோப்பு, தலைவலி மருந்து இவற்றின் சின்னஞ்சிறு விளம்பரப் பாட்டுகளைப் பிள்ளைகள் மனப்பாடம் செய்தனர். காலம் செல்லச் செல்ல, சிற்றலையிலிருந்து நேயர்கள் மெல்ல விலகினர். 1980களின் இறுதியில் அமீன் சயானியின் கீத்மாலாவே கொழும்பை விட்டு விவித பாரதிக்கு வந்து சேர்ந்தது. கடல் கடந்து சென்ற பாட்டு வீடு திரும்ப முப்பத்தாறு ஆண்டுகள் ஆயின.

இந்த வரலாற்றைக் கேட்போர், கேஸ்கர் தோற்றார், நேயர் வென்றனர் என்று எளிதில் முடிவு கட்டிவிடலாம். அது முழு உண்மையன்று. சமஸ்தானங்கள் மறைந்த காலத்தில் வானொலி முன்வந்திராவிடின் வித்துவான்கள் பலர் வறுமையில் வாடியிருப்பர். அவர்களோடு அரிய கிருதிகளும் கரானா மரபுகளும் மறைந்திருக்கும். கர்நாடக சங்கீதத்தை டில்லி நேயரும், இந்துஸ்தானி சங்கீதத்தைச் சென்னை நேயரும் கேட்க வழி செய்தது சங்கீத தேசிய நிகழ்ச்சியே. எந்தப் பற்பசை நிறுவனமும் அப்பணிக்குப் பணம் அளித்திருக்க மாட்டாது. கேஸ்கரின் தவறு நல்ல இசையைக் கொடுத்ததில் இல்லை. நல்லதைக் கொடுப்பதற்கு, விரும்பியதைப் பறிக்க வேண்டும் என்று கருதியதில்தான் இருக்கிறது. விருந்தில் பாயசம் பரிமாறுவதற்காகச் சோற்றை எடுத்துவிட்டால், இலையில் அமர்ந்தவர் எழுந்து அடுத்த வீட்டுக்குத்தான் போவார்.

மறுபுறம், பணம் கொடுப்பவர் கையில் முழுப் பொறுப்பையும் விடுவதன் விளைவையும் பிற்காலம் காட்டியது. 1993இல் டில்லி, பம்பாய் முதலிய நகரங்களில் அகில இந்திய வானொலியின் பண்பலை நேரம் தனியாருக்கு வாடகைக்கு விடப்பட்டது. வானலைகள் பொதுச் சொத்து என்று 1995இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2001 ஜூலையில் பெங்களூரில் ரேடியோ சிட்டி என்ற முதல் தனியார் பண்பலை நிலையம் எழுந்தது. இந்நிலையங்கள் ஏலத்தில் ஒப்புக்கொண்ட உரிமக் கட்டணம் ஆண்டுதோறும் நூற்றுக்குப் பதினைந்து வீதம் உயர்ந்தது. அச்சுமையைத் தாங்காமல் பலர் பின்வாங்கினர். 2005இல்தான் வருவாயில் ஒரு பங்கைக் கட்டணமாகப் பெறும் முறை வந்தது. சொந்தமாகச் செய்தி ஒலிபரப்ப அவற்றுக்கு அனுமதி தரப்படவில்லை. செய்தியும் இல்லை, செலவும் மிகுதி என்ற நிலையில், எல்லோரும் கேட்கும் புதிய பாட்டுகளையே எல்லா நிலையங்களும் ஒலிபரப்பின. நிலையங்கள் பலவாயின, பாட்டு ஒன்றாயிற்று. திருகு எப்பக்கம் திரும்பினும் ஒரே பாட்டு என்றால், அந்தத் திருகினால் நேயருக்கு என்ன பயன்?

ஆகவே விவித பாரதியின் வரலாறு நமக்கு இரண்டு செய்திகளைக் கூறுகிறது. நேயர் விரும்புவதை மதியாத ஒலிபரப்பு நேயரை இழக்கும். நேயர் ஏற்கெனவே விரும்புவதை மட்டுமே தரும் ஒலிபரப்பு, அவர் விரும்பக்கூடிய மற்றவற்றை அவருக்கு என்றுமே அறிமுகம் செய்யாது. இவ்விரண்டுக்கும் இடையே வழி காண்பதே பொதுமக்களின் வானொலிக்குரிய பணி. 1957இல் தொடங்கிய அந்த ஒலிபரப்புக்குப் பெயர் தேர்ந்தவர் இதனை நன்கு அறிந்திருந்தார் போலும். சினிமா என்றோ சங்கீதம் என்றோ அவர் பெயரிடவில்லை. பலவகை என்றே பெயரிட்டார். ஜும்ரி திலையாவிலிருந்து அஞ்சலட்டை எழுதிய நேயருக்கும் அதில் இடம் இருந்தது. அவர் அஞ்சலட்டையில் எழுத அறிந்திராத பாட்டுக்கும் இடம் இருந்தது.